டேப்புக்கு எட்டாத அளவு

என் கொக்கு மகளுக்கு,

அப்பா எழுதுறேன். இங்க நான், அம்மா, தையல் மெஷின் மூணு பேரும் சௌக்கியம், மூணு பேருக்கும் கொஞ்சம் சத்தம் ஜாஸ்தி, அவ்வளவுதான். நீயும் மாப்பிள்ளையும் அங்க சளி காய்ச்சல் இல்லாம வேளா வேளைக்குச் சாப்பிட்டு நல்லா இருக்கணும், இருப்பீங்கன்னு நம்பித்தான் பேனாவை எடுத்தேன். தினம் போன்ல பேசுற மனுஷன் திடீர்னு கடிதம் போடுறாரேன்னு பயந்துடாதே, யாருக்கும் ஒண்ணும் இல்ல. போன்ல நான் இந்தப் பேச்சை எடுத்தாலே நீ "விடுப்பா, அப்புறம் பாக்கலாம்"னு கத்திரி போட்டுடுற, இல்லைன்னா உங்க வீட்டுக் காலிங் பெல் அடிச்சுடுது. போன வாரம் மட்டும் மூணு தடவை அடிச்சுது, அப்படி யாருடியம்மா உங்க வீட்டுக்கு வராங்க? கடிதத்துக்கு நடுவுல பெல் அடிக்காது பாரு, அதான் எழுதுறேன். என் கையெழுத்து கோழி கிளறின மாதிரி இருக்கும், பொறுமையாப் படி, ஒரே மூச்சுல படிக்க முடியலைன்னா வச்சுட்டு அப்புறம் படி, ஆனா முழுசாப் படிக்கணும், அப்பாவுக்காக.

முதல்ல அம்மா சங்கதி. ஆபரேஷன் ஆகி நாலு மாசம் முடிஞ்சுது. இப்ப மாடிப்படி ஏறி இறங்குறா, தெருமுனை வரைக்கும் நடந்து போய்ட்டு வர்றா, போன திங்கட்கிழமையில இருந்து மருந்துக் கடைக்கு அரை நாள் வேலைக்கும் போறா. கனமா எதையும் தூக்கக் கூடாது, அவ்வளவுதான். கடைக்காரர் நல்ல மனுஷன், அவளுக்குன்னு கவுன்ட்டர் பக்கத்துல சாய்ஞ்சு உக்கார ஒரு நாற்காலி போட்டுக் கொடுத்திருக்கார், அவ அதுல உக்காந்தாத்தானே, ஸ்டூல் இல்லாம மேல் தட்டு மருந்தை எட்டி எடுக்க அந்தக் கடைல வேற ஆள் கிடையாதாம், அந்தப் பெருமை அவளுக்கு. நெஞ்சு நடுவுல உள்ள கோடு ஆறிடுச்சு, நான் பாத்தேன், நல்ல தையல், நேரான கோடு, எங்கேயும் சுருக்கம் இல்ல. முப்பத்து மூணு வருஷமாத் தைக்கிறவன் சொல்றேன், அந்த சர்ஜனுக்குக் கை சுத்தம்.

நீ ஓடி வந்தப்ப அம்மா ஐசியூல இருந்தா, பத்து நாள் இருந்துட்டு லீவு முடிஞ்சு போய்ட்ட, அதுக்கு முன்னாடி நடந்ததும் பின்னாடி நடந்ததும் உனக்கு அரைகுறையாத்தான் தெரியும். அதனால ஆதியில இருந்து சொல்றேன், தெரிஞ்ச இடத்துல தாண்டிப் போகாதே. எல்லாம் உன் சித்தியோட கண்ணாடியில ஆரம்பிச்சுது. ஒரே வருஷத்துல மூணு தடவை பவர் மாத்தியும் அவளுக்கு எழுத்து ஆடுது. கண்ணாடிக் கடைக்காரனோட சண்டை போட்டுட்டு கண் டாக்டர்கிட்ட போனா. அவர் பாத்துட்டு, கண்ணுக்குள்ள இருக்கிற லென்ஸே இடம் நகர்ந்திருக்கும்மான்னு சொல்லியிருக்கார். சரி, அதுக்கு மருந்து எழுதிக் கொடுத்து அனுப்பியிருந்தா அவரை யார் கேக்கப் போறாங்க? அவர் அனுப்பலை. கட்டை விரலை உள்ள மடக்கி முஷ்டி பிடிக்கச் சொன்னாராம், விரல் நுனி அந்தப் பக்கம் எட்டிப் பாத்துச்சாம். உங்க வீட்டுல யாராவது சின்ன வயசுல திடீர்னு இறந்திருக்காங்களான்னு கேட்டாராம். எங்க அண்ணன், நாப்பத்திரெண்டு வயசுலன்னு இவ சொல்லியிருக்கா. அவ்வளவுதான், அன்னைக்கே இதய டாக்டருக்கு லெட்டர் எழுதிக் கையில கொடுத்துட்டார். கண்ணைப் பாக்கப் போனவளோட இதயத்தைக் கண்டுபிடிச்ச அந்த மனுஷனை நான் தினம் ஒரு தடவையாவது நினைச்சுக்கறேன். அவர் பேர்கூட எனக்குத் தெரியாது, அவருக்கு ஒரு சட்டை தைச்சுக் கொடுக்கணும்னு ஆசை, அளவு வாங்கப் போனா பைத்தியக்காரன்னு நினைப்பாரோன்னு போகலை.

சித்திக்கு இதயத்துல இருந்து கிளம்புற பெரிய ரத்தக் குழாய் கொஞ்சம் விரிஞ்சிருக்கு, மாத்திரையில நிறுத்தி வைக்கலாம்னு சொல்லிட்டாங்க. கூடவே, இது பரம்பரையா வர்றது, கூடப் பொறந்தவங்களைக் கட்டாயம் கூட்டிட்டு வாங்கன்னும் சொன்னாங்க. உங்கம்மாகிட்ட சொன்னா சிரிக்கிறா. எனக்கென்ன, நான் கல்லு மாதிரி இருக்கேன், ஊருக்கே மாத்திரை எடுத்துக் கொடுக்கிறவ நான்னு வசனம் பேசுறா. சித்திதான் விடலை, "நீ வரலைன்னா நான் என் மாத்திரையைச் சாப்பிட மாட்டேன்"னு சொல்லி இழுத்துட்டுப் போனா. ஸ்கேன் எடுத்த பொண்ணு பாதியில கருவியை வச்சுட்டு வெளிய போய் டாக்டரைக் கூட்டிட்டு வந்தா. அஞ்சரை சென்டிமீட்டர்னாங்க. எனக்கு அது மண்டையில ஏறலை, இஞ்சில சொல்லுங்க சார்னு கேட்டேன். ரெண்டு இஞ்சுக்கு மேலன்னார். இருக்க வேண்டியது எவ்வளவுன்னேன். ஒண்ணேகால், மிஞ்சிப் போனா ஒண்ணரைன்னார். முக்கால் இஞ்சு விட்டுத் தைச்சா சட்டை எப்படித் தொங்கும்னு தெரிஞ்சவன் நான், எனக்கு அதுக்கு மேல விளக்கம் தேவைப்படலை. எப்ப வேணும்னாலும் கிழியலாம், கிழிஞ்சா ஆஸ்பத்திரிக்குக் கொண்டு வரவே நேரம் இருக்காதுன்னு சொன்னார். இவ அன்னைக்குக் காலையிலதான் கடையில மருந்துப் பெட்டி ரெண்டைத் தூக்கி மேல வச்சுட்டு வந்திருக்கா.

அந்தக் குழாயை வெட்டி எடுத்துட்டு வேற குழாய் வச்சுத் தைச்சாங்கன்னு உனக்குத் தெரியும். அது எதுல செஞ்சதுன்னு தெரியுமா? துணி! நெஜமாவே துணிதான். சர்ஜன்கிட்ட நான் டெய்லர்னு சொன்னதும் சிரிச்சுட்டு மேசை டிராயர்ல இருந்து ஒரு சாம்பிள் துண்டு எடுத்துக் காட்டினார். சுருக்கம் சுருக்கமா, சின்னதா மடிப்பு வச்ச குழாய். தடவிப் பாத்துட்டு, என்ன நூல் சார்னேன். பாலியஸ்டர்னார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. பாலியஸ்டர் துணியைக் கொண்டு வர்ற கஸ்டமரை எல்லாம் எத்தனை வருஷமாத் திட்டியிருக்கேன், வேர்க்கும், பிசிறு நிக்காது, இதைப் போட்டுக்கிறதுக்கு பிளாஸ்டிக் பையைப் போட்டுக்கலாம்னு எவ்வளவு பேசியிருக்கேன்! இப்ப என் பெண்டாட்டி உசிரு பாலியஸ்டர்ல நிக்குது. இனிமே அந்தத் துணியைப் பத்தி ஒரு வார்த்தை பேசினா என் நாக்கு அழுகிடும். எவ்வளவு நாள் உழைக்கும்னு கேட்டேன், உங்க ரெண்டு பேருக்கும் மேல உழைக்கும்னார். கடைசி முடிச்சை மட்டும் கொஞ்சம் இறுக்கிப் போடுங்க சார்னு வாய் தவறிச் சொல்லிட்டேன், அந்த மனுஷன் கோவிச்சுக்காம, ஏழு முடிச்சு போடுவேன்னு சொன்னார். தலைக்கு வந்தது தலைப்பாகையோட போச்சு. வேற என்ன சொல்ல, எல்லாருக்கும் நன்றி சொல்லிச் சொல்லி எனக்கு அந்த வார்த்தையே தேய்ஞ்சு போச்சு, ஆனாலும் போதலை.

இனிமேதான் நீ காலிங் பெல் அடிக்க வைக்கிற பகுதி வருது, எழுந்திரிக்காம உக்காரு. ஆபரேஷன் முடிஞ்சு ஒரு மாசம் கழிச்சு அம்மாவையும் சித்தியையும் மரபணு டாக்டர்கிட்ட அனுப்பினாங்க, நானும் போனேன். உன்னைவிட ரெண்டு வயசு கூட இருந்தா ஜாஸ்தி, ஆனா அவ்வளவு நிதானமான பொண்ணு. ஒரு பெரிய பேப்பரை எடுத்து வச்சுக்கிட்டு நம்ம குடும்பத்தை வரைஞ்சா. ஆம்பளைன்னா கட்டம், பொம்பளைன்னா வட்டம், நோய் இருந்தா உள்ள கறுப்பு அடிக்கிறா, செத்துப் போனவங்கன்னா குறுக்கால ஒரு கோடு. உன் மாமாவோட கட்டத்துல கோடு போட்டுட்டு, இவர் எப்படி இருப்பார், உயரமா, கை நீளமா, போட்டோ இருக்கான்னு கேட்டா. இந்த நோய் இருக்கிற நிறைய பேருக்குக் கை, விரல் எல்லாம் நீளமா வளருமாம். போட்டோவுல மாமா எப்பவும் கையைக் கட்டிக்கிட்டுத்தான் நிப்பாரு. நான் வீட்டுக்குப் போய் அளவு நோட்டை எடுத்துட்டு வந்தேன். நம்ம வீட்டுப் பழக்கம்தான் உனக்குத் தெரியுமே, யாருக்குப் பொறந்த நாள் வந்தாலும் நிக்க வச்சு அளவெடுத்து ஒரு புது உடுப்பு, உங்கம்மா வீட்டு ஆளுங்க எல்லாருக்கும் சேத்து. மாமா பக்கம் அப்படியே இருக்கு, தோள் பதினெட்டு, கை இருபத்தெட்டரை. அந்தப் பொண்ணு நோட்டை வாங்கிப் பாத்துட்டு, பத்தொம்பது வருஷத்துக்கு முன்னாடி போனவரோட கையைப் பத்திரமா வச்சிருக்கீங்களேய்யான்னா. எனக்கு அழுகை வந்துடுச்சு.

அழுகை வந்தது மாமாவுக்காக மட்டும் இல்ல. அந்த நோட்டைப் புரட்டப் புரட்டத்தான் எனக்கு உறைச்சுது. இருபத்தெட்டரை கை எந்த ரெடிமேட்லயும் கிடையாது. ரெடிமேட் சட்டை போட்டிருந்தா கை மணிக்கட்டுக்கு மேலேயே நின்னிருக்கும், என்னய்யா உன் கை இவ்வளவு நீளம்னு பாக்கிறவன் ஒருத்தனாவது கேட்டிருப்பான். நம்ம வீட்டு வாசப்படியை ரெடிமேட் மிதிச்சதே இல்லையே! உங்கம்மாவுக்கும் சித்திக்கும் மாமாவுக்கும் நான் வருஷா வருஷம் அளந்து, கையை நீட்டி நீட்டி வெட்டி, மணிக்கட்டுல கச்சிதமா உக்கார வச்சு, என்ன பிட்டிங்குன்னு மாரைத் தட்டிக்கிட்டேன். ஊர்ல இருக்கிறவன் நோயை மருந்து வச்சு மறைப்பான், நான் நூலை வச்சு மறைச்சிருக்கேன். நீ வேலைக்குப் போன புதுசுல அங்க ஒரு ரெடிமேட் கோட் வாங்கிட்டு, கை குட்டையா நிக்குது, இந்த ஊர்க்காரனுக்குத் தைக்கவே தெரியலப்பான்னு போன் பண்ணினியே, நான் அன்னைக்கு முழுக்கக் கடையில வர்றவங்ககிட்ட எல்லாம் சொல்லிச் சொல்லிச் சிரிச்சேன். அந்தச் சிரிப்பு இப்ப எனக்கே கசக்குது.

இன்னொரு கூத்தையும் சொல்லிடுறேன், திட்டுறதுன்னா சேத்துத் திட்டிக்கோ. நோட்டைப் பாத்ததும் நானே பெரிய டாக்டர் ஆயிட்டேன். உன் மாமா மகன், நம்ம லிஃப்ட் மெக்கானிக், ஆறடி மூணு இஞ்சு, வாசல்ல குனிஞ்சுதான் வருவான், அவனைக் கூப்பிட்டு அளந்து பாத்துட்டு, உனக்குக் கண்டிப்பா இருக்குடா, போய் ரத்தம் கொடுத்துட்டு வான்னு சொல்லிட்டேன். பாவம், ரிசல்ட் வர்ற வரைக்கும் அவனுக்குச் சாப்பாடு இறங்கலை, தன் பிள்ளைங்க ரெண்டையும் மடியில வச்சுக்கிட்டு உக்காந்தே இருந்தானாம், உங்க அத்தை போன் பண்ணி அழுதா. கடைசியில பாத்தா அவனுக்கு இல்லவே இல்ல! அவன் அவங்க அம்மா வீட்டு உயரம். அஞ்சடி மூணு இஞ்சு இருக்கிற சித்திக்கு இருக்கு, ஆறடி மூணு இஞ்சு இருக்கிற அவனுக்கு இல்ல. அந்த மரபணு டாக்டர் பொண்ணு என்னை உக்கார வச்சு, அய்யா, டேப்பை எடுத்து உள்ள வைங்க, இதை ரத்தமும் ஸ்கேனும்தான் சொல்லணும், நீங்களோ நானோ கண்ணால பாத்துச் சொல்லக் கூடாதுன்னு தன்மையா ஒரு குட்டு வச்சா. அவனுக்கு இல்லாததால அவன் பிள்ளைங்களுக்கும் அவங்க அப்பா வழியா இது வராது, அந்தக் கிளையே சுத்தம்னு சொன்னப்ப எங்க எல்லார் வயித்துலயும் பால் வார்த்த மாதிரி இருந்துச்சு. அவன் என்னை மன்னிச்சுட்டான், ஆனா இன்னும் என்னைப் பாத்தா கையைப் பின்னாடி மறைச்சுக்கிறான், அயோக்கியப் பய.

அந்தப் பொண்ணு சொன்னதை எனக்குப் புரிஞ்ச வரைக்கும் எழுதுறேன். உடம்புல ஒவ்வொண்ணுக்கும் ஒரு மரபணு, ஒவ்வொரு மரபணுவும் நமக்கு ரெண்டு பிரதி, ஒண்ணு அம்மா கொடுத்தது, ஒண்ணு அப்பா கொடுத்தது. உடம்பை இழுத்துப் பிடிச்சு வைக்கிற நார் ஒண்ணு இருக்காம், அதைச் செய்யச் சொல்ற மரபணுவுல உங்கம்மாவோட ஒரு பிரதியில ஒரே ஒரு எழுத்து தப்பு. இன்னொரு பிரதி சரியாத்தான் இருக்கு. பிள்ளைக்குப் போறது ரெண்டுல ஒண்ணு, எது போகும்னு யாராலயும் சொல்ல முடியாது, பாதிக்குப் பாதி. அப்ப ரெண்டு பிள்ளை பெத்தா ஒண்ணுக்குத்தான் வருமான்னு நான் கேட்டேன். அப்படி இல்லய்யா, ஒவ்வொரு தடவையும் புதுசாச் சுண்டுற காசு, முன்னாடி என்ன விழுந்துச்சுன்னு காசுக்கு ஞாபகம் இருக்காதுன்னா. அம்மாவுக்கும் சித்திக்கும் அதே எழுத்து, அதே இடத்துல. மாமாவுக்கும் அதுதான் இருந்திருக்கணும்னு சொன்னா.

மாமா போன அன்னைக்கு நடந்ததை நான் உன்கிட்ட முழுசாச் சொன்னதே இல்ல, உனக்கு அப்ப பத்து வயசு. புது வெட்டு மேசையை மாடிக் கடைக்கு ஏத்தணும், எட்டடி மேசை, தேக்குப் பலகை, கூலிக்கு ஆள் பாக்கலாம்னு உங்கம்மா சொன்னா, நான்தான் எதுக்கு ஆள், மச்சான் இருக்கும்போதுன்னு அவரைக் கூப்பிட்டேன். படி திரும்புற இடத்துல, "மச்சான், ஒரு நிமிஷம் கீழ வைப்போம், முதுகுக்குள்ள யாரோ துணியைக் கிழிக்கிற மாதிரி இருக்கு"ன்னார். உக்காந்தவர் எழுந்திரிக்கலை. பத்தொம்பது வருஷம் அந்த மேசை மேலதான் துணி வெட்டுறேன், ஒரு நாள்கூட அதைத் தொடும்போது கை கூசாம இருந்ததில்ல. உங்க அத்தை ஒரு வார்த்தை என்னைக் குத்தம் சொன்னதில்ல, அதனாலயே இன்னும் வலிச்சுது. இப்ப அந்த டாக்டர் பொண்ணுகிட்ட இதைச் சொல்லிக் கேட்டேன். பாரம் தூக்கினது ஒரு சாக்கா இருந்திருக்கலாம், இல்லைன்னு பொய் சொல்ல மாட்டேன், ஆனா குழாய் முன்னாடியே விரிஞ்சு நின்னிருக்கும், இருமினாக்கூட கிழிஞ்சிருக்கலாம்னா. பாதிப் பாரம் இறங்குச்சு. மீதிப் பாதி என்னோடதுதான், அதை நான் வச்சுக்கறேன். ஆனா இன்னொரு தடவை அப்படி ஒண்ணைப் பாக்க எனக்குத் திராணி இல்ல கண்ணு.

இப்ப உன்கிட்ட வர்றேன். வம்சப் படத்துல அம்மாவோட வட்டம் கறுப்பு, அதுக்குக் கீழ ஒரு வட்டம், உள்ள கேள்விக்குறி. அது நீ. உங்கம்மா அந்தக் கேள்விக்குறி மேல விரலை வச்சவ எடுக்கவே இல்ல, டாக்டர் பேப்பரை மடிக்க முடியாம உக்காந்திருந்தா. வீட்டுக்கு வந்து, "எல்லாம் பாத்துப் பாத்துக் கொடுத்தேன், இதையும் சேத்துக் கொடுத்துட்டேனோ, எந்த முகத்தை வச்சுக்கிட்டு நான் அவகிட்ட போய்ப் பாருடின்னு சொல்வேன்"னா. மருந்துக் கடைக்கு வந்த ஒரு அம்மா ஒண்ணும் தெரியாம, நூலைப் போல சேலை, தாயைப் போல பிள்ளைன்னு எதுக்கோ சொல்லியிருக்காங்க, இவ அன்னைக்குச் சாப்பிடவே இல்ல. நூலைப் பத்தி எனக்குத் தெரியாததா, நூல் தானா போய் நான் இத்துப் போறேன்னு சொல்லுமா, அதை நூத்த கைக்கே தெரியாதுடின்னு சத்தம் போட்டேன். இவகிட்ட இருந்து நீ வாங்கினது இது ஒண்ணா? அந்தப் பொறுமை, கணக்குல அந்த மூளை, வாலிபால்ல நெட்டுக்கு மேல எட்டி அடிக்கிற கை, வாயைப் பொத்திக்கிட்டுச் சிரிக்கிற சிரிப்பு, எல்லாம் அவ சரக்கு. என்கிட்ட இருந்து வந்தது பிடிவாதமும் இந்தக் கையெழுத்தும்தான். அதனால அவ கேக்க மாட்டா, கேக்கிற தைரியம் அவளுக்கு இல்ல, நான் கேக்கறேன்.

உன் பயம் எனக்குத் தெரியும். சித்திகிட்ட நீ சொன்னதை அவ என்கிட்ட சொல்லிட்டா, அவளைத் திட்டாதே, அவ வயித்துல எதுவும் தங்காதுன்னு தெரிஞ்சுதானே சொன்ன. நீயும் மாப்பிள்ளையும் குழந்தைக்கு ஆசைப்படுறீங்க, இருக்குன்னு தெரிஞ்சா வேண்டாம்னு சொல்லிடுவாங்க, தெரியாமலே இருந்துட்டுப் போறேன்னு சொன்னியாமே. பூனை கண்ணை மூடிக்கிட்டா உலகம் இருண்டுடுமா? நான் அந்தப் பொண்ணுகிட்ட இதையேதான் முதல்ல கேட்டேன், உன் பேரைச் சொல்லாம, ஒரு பொண்ணுன்னு சொல்லி, அவ புரிஞ்சுக்கிட்டா. அவ சொன்னது இது. இருந்தாலும் வேண்டாம்னு எடுத்த எடுப்புல யாரும் சொல்ல மாட்டாங்க. முதல்ல குழாயோட அகலம் பாப்பாங்க, சின்னதா இருந்தா கூடவே இருந்து கவனிச்சுக்கிட்டே சுமக்கலாம், பெருசா இருந்தா அதைச் சரிபண்ணிட்டு அப்புறம் யோசிக்கலாம், பிள்ளைக்கு வருமாங்கிறதையும் முன்கூட்டியே பேசி முடிவெடுக்க வழி இருக்கு. தெரிஞ்சு சுமக்கிறதுல பயம் உண்டு, தெரியாம சுமக்கிறதுலதான் உசிருக்கு ஆபத்துன்னா. இல்லைன்னு வந்துட்டாலோ, பேச்சே முடிஞ்சு போச்சு, உன் பிள்ளைங்களுக்கும் இந்த வழியா வராது. உன் பக்கத்தை நோட்டுல திறந்து பாத்தேன், மூடி வச்சுட்டேன். டேப்பை நம்பி ஒரு தடவை அசிங்கப்பட்டது போதும். உனக்கு இருக்கா இல்லையான்னு எனக்குத் தெரியாது.

இதோட அம்மாவோட ரிப்போர்ட் காப்பி வச்சிருக்கேன். எந்த எழுத்து, எந்த இடம்னு அதுல இருக்கு, அங்க உள்ள டாக்டர் அந்த ஒரு இடத்தை மட்டும் பாத்தாப் போதுமாம், கொஞ்சம் ரத்தம், ஒரு ஸ்கேன், ஊசி குத்துறதைத் தவிர வேற வலி இல்ல. உங்கம்மாவுக்குக் கிடைச்ச மாதிரி உனக்கும் நேரம் கிடைச்சிருக்கு, அந்த நேரம் உன் மாமாவுக்குக் கிடைக்கலை, அதை மட்டும் நினைச்சுப் பாரு. மாப்பிள்ளைக்குத் தனியா எழுதலை, இதையே அவரும் படிக்கட்டும், அவர் தங்கமான பிள்ளை, ஆஸ்பத்திரியில உன் கையைப் பிடிச்சுக்கிட்டு நின்னதை நான் பாத்தேன். ரிசல்ட் வர்ற வரைக்கும் வாலிபால் வேண்டாம், கனம் தூக்க வேண்டாம், வீட்டுச் சாமான் நகத்துறது எல்லாம் மாப்பிள்ளை பாத்துக்கட்டும். எது வந்தாலும் எங்களைக் கஷ்டப்படுத்தக் கூடாதுன்னு மறைக்காதே. நீ நூறு வயசு நல்லா வாழணும், உன் வீடு நிறையணும், நாங்க ரெண்டு பேரும் அதைக் கண்ணால பாக்கணும். மழையில நனையாதே. இருமல் வந்தா நீயா மாத்திரை வாங்காதே.

உன்னை நினைச்சுக்கிட்டே இருக்கிற,
அப்பா

கண்ணு, அம்மா எழுதுறேன். உங்கப்பா கடிதத்தைச் சட்டைப் பையில மறைச்சு வச்சிருந்தார். அவர் சட்டையைத் துவைக்கப் போடுறது நான்தானே. முழுசாப் படிச்சுட்டேன்.

அவர் சொன்னதுல ஒண்ணு தப்பு. மாமா போன அன்னைக்குக் காலையில என் மருந்துக் கடைக்கு வந்தார். நெஞ்சுல என்னமோ பிடிக்குது, ஒரு மாத்திரை கொடுன்னார். நான் வாயுன்னு சொல்லி ஒரு மாத்திரை கொடுத்து அனுப்பினேன். அதுக்கு அப்புறம்தான் மேசை தூக்கப் போனார். இதை நான் யார்கிட்டயும் சொன்னதில்ல. உங்கப்பா பத்தொம்பது வருஷம் மேசையைப் பாத்துப் பாத்துத் தலை குனியும்போதும் சொல்லலை. இதை ஒட்டுறதுக்கு முன்னாடி எடுத்துப் படிப்பார். படிக்கட்டும்.

எனக்குக் கேக்க முகம் இல்லைன்னு அவர் எழுதியிருக்கார். முகம் இல்லாட்டியும் பரவாயில்ல, கேக்கறேன். ஒண்ணும் இருக்காதுன்னு நினைச்சு ஒரு தடவை அனுப்பி வச்சுட்டேன். உன்னை அப்படி அனுப்ப முடியாது. நாளைக்கே போய்ப் பாரு. இருந்தா நான் வந்து உன் பக்கத்துல உக்காந்துக்கறேன்.

அம்மா